பிரேக் மேல் ஒரு கால்

“மிதிச்சியா இல்லையா? அதை மட்டும் சொல்லு மச்சான்.”

லாரி இழுக்கத் தோளில் மாட்டிய பட்டையைக்கூடக் கழற்றாமல், லாரியின் கதவைத் திறந்து டிரைவரின் சட்டையைக் கொத்தாகப் பிடித்திருந்தான் கிரேன். பிடித்த பிடியில் ஒரு பித்தான் தெறித்துப் பறந்தது. அடுத்த தெருவில் யாரோ கண்டெடுத்ததாகக் கேள்வி.

டிரைவர் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி நேரே பார்த்துக்கொண்டிருந்தார்.

கிரேன் என்பது பட்டப்பெயர். லாரி இழுப்பது, உருண்டைக் கல்லைத் தூக்கி மேடையில் வைப்பது, டயரைப் புரட்டிப் போடுவது என்று பலசாலிப் போட்டிகளுக்குப் போய் வருவதுதான் அவன் பிழைப்பு. ஒரு காலத்தில் அவன் தும்மினால் எதிர் வீட்டு ஜன்னல் தானாகச் சாத்திக்கொள்ளும். அவன் உட்கார்ந்து எழுந்த சோபா, அதற்குப் பிறகு பலகையாகத்தான் பயன்பட்டது. குறைத்துத்தான் சொல்கிறேன்.

அந்த கிரேன் இன்று இழுத்த லாரி பாதி வழியில் நின்றுவிட்டது. கயிறு விறைத்தது. கழுத்து நரம்பு புடைத்தது. முழங்கால் நடுங்கியது. லாரி மட்டும், மாமியார் வீட்டுக்கு விருந்துக்கு வந்த மருமகன் மாதிரி, இடத்தை விட்டு அசையவே இல்லை.

கடைசி இடம். கடைசியில் வருகிறவனை அடுத்த வருஷம் கூப்பிட மாட்டார்கள். அவன் வயதுக்கு, அடுத்த வருஷம் கூப்பிடவில்லை என்றால் இனி எப்போதும் கூப்பிட மாட்டார்கள்.

இழுக்கிறவன் இடறி விழுந்தால் பின்னால் உருண்டு வரும் லாரி அவன் மேல் ஏறிவிடக் கூடாது. அதற்காக, எல்லோரும் இழுக்கும் அந்த ஒரே லாரிக்குள் பிரேக் போட ஒரு டிரைவர் உட்கார்ந்திருப்பார். இன்று வண்டியோடு வந்த டிரைவர், கிரேனின் மனைவிக்குக் கூடப் பிறந்த அண்ணன். போட்டி நடத்துகிறவர்களுக்கு இந்த உறவு தெரியாது.

இப்போது மைதானத்துக்குப் பின்னால், லாரி நிறுத்துமிடத்தில், இவர்களைத் தவிர யாருமில்லை.

“போன மாசமே சொன்னியே. முட்டி போயிடுச்சு, இதை விட்டுடு, குடோன்ல வாட்ச்மேன் வேலை வாங்கித் தர்றேன்னு. நான் கேக்கலைன்னதும் இப்படிப் பண்ணிட்டே, இல்ல?”

“முதல்ல பட்டையைக் கழட்டுங்க மாப்ள. மூச்சு வாங்குது உங்களுக்கு.”

“என் மூச்சு கிடக்கட்டும். எனக்கு முன்னாடி இழுத்தானே ஒருத்தன், பால் வடியற மூஞ்சி. என் தொடை அளவுகூட இருக்காது அவன் இடுப்பு. அவன் கோட்டைத் தாண்டிட்டான். அவனால முடியுது, என்னால முடியாதா?”

துண்டும் தண்ணீருமாக மனைவி ஓடி வந்தாள். கிரேனின் விரல்கள் பட்டையின் கொக்கியைத் தடவித் தடவித் தேடுவதைப் பார்த்தாள். அவளே கழற்றிவிட்டாள். பட்டை அழுத்திய இடம் கன்றிப் போயிருந்தது.

“அண்ணே, கேக்கறாரில்ல? பதில் சொல்லு.”

டிரைவர் திரும்பி கிரேனின் முகத்தைப் பார்த்தார். பார்த்ததும் அதில் கோபம் மாதிரிதான் தெரிந்தது. இன்னும் கொஞ்சம் பார்த்தால், கெஞ்சல்.

“மிதிச்சேன்” என்றார்.

கிரேனின் பிடி தளர்ந்தது. தொங்கிப் போயிருந்த தோள் மெல்ல மேலே வந்தது.

“நெனச்சேன்” என்றான். “கால்ல வலு இருந்துச்சு. என்னவோ பின்னாலேருந்து பிடிச்சு இழுக்கற மாதிரியே இருந்துச்சு. அப்பவே நெனச்சேன்.”

“வாங்க, நடுவர்கிட்ட சொல்லுவோம்” என்று அவன் கையைப் பிடித்தாள் மனைவி. “திரும்ப ஒரு தடவை இழுக்க விடுவாங்க.”

கிரேன் இரண்டடி வைத்தான். லாரியைத் திரும்பிப் பார்த்தான். நின்றுவிட்டான்.

“வேணாம். சொன்னா இவன் வேலை போயிடும். பிள்ளைகுட்டிக்காரன், பொழைச்சுப் போகட்டும்.” பிறகு டிரைவரிடம், “ஆனா ஒண்ணு. இனிமே என் வீட்டுப் பக்கம் தலை காட்டாதே.”

நொண்டிக்கொண்டேதான் போனான். ஆனால் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு போனான். அடுத்த வருஷமும் இல்லை, அதற்கடுத்த வருஷமும் இல்லை என்று தெரிந்தவன், தோற்காதவனைப் போல நடந்தான்.

கீழே கிடந்த பட்டையைச் சுருட்டிய மனைவிக்கு அழுகையை அடக்க முடியவில்லை.

“கூடப் பிறந்தவன்னு சொல்லிக்கவே வெக்கமா இருக்குண்ணே. இந்த மனுஷனுக்கு வேற என்ன தெரியும்? இன்னும் ஒரே ஒரு வருஷம்னு சொல்லிச் சொல்லி உயிரைப் பிடிச்சுக்கிட்டிருந்தார். அதையும் கெடுத்துட்டியே.”

டிரைவர் மெதுவாக இறங்கினார். வலது காலைத் தரையில் ஊன்ற முடியாமல், லாரியில் சாய்ந்து கெண்டைச் சதையைப் பிசைந்துவிட்டுக்கொண்டார்.

“அவர்கிட்ட எப்பவும் சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்ணு.”

“என்னத்தை?”

“மிதிச்சது நிஜம். இன்னிக்கு இழுத்த ஒவ்வொருத்தனுக்கும் மிதிச்சேன், அரை மிதியாவே கால் மரத்துப் போற அளவுக்கு மிதிச்சேன். உன் வீட்டுக்காரர் இழுக்கும்போது மட்டும்தாம்மா, ரெண்டு காலையும் தூக்கி சீட்டு மேல வச்சுக்கிட்டேன்.”