பக்கத்து இடம்

கழுத்தெலும்பு துருத்திக்கொண்டு நிற்கிறதே. நேரத்துக்கு ஒரு பிடி சோறு குழைத்துக் கொடுக்க இவளுக்கு ஒருவருமே இல்லையா?

பிரான்சிஸ்கா விளக்குமாற்றை நிறுத்தாமலே பார்த்தாள்.

சேமக்காலையின் மறு மூலையில், கல்லறைகளுக்கு நடுவே குடை விரித்து, கதிரை போட்டு நிறாவை உட்கார்த்தியிருந்தார்கள். பெரிய கறுப்புக் கண்ணாடி. வெள்ளைக்காரப் பெண்ணொருத்தி அவளுடைய கன்னத்தில் எதையோ ஒற்றிக்கொண்டிருந்தாள். ஒற்றியதன் மேல் காற்று மணலை அள்ளிப் பூசியது.

காலையில் பக்கத்து வீட்டு யசிந்தா வேலிக்கு மேலால் கேட்டாள். "என்ன மாமி, உங்கட நிறாவைப் பாக்க விடியவே வெளிக்கிட்டாச்சோ? நடிக்கக் கூப்பிட்டா என்னை மறந்திடாதேங்கோ."

யசிந்தா வங்காலையிலிருந்து கலியாணம் கட்டி வந்தவள். மாமிக்கு வயது போன நேரத்தில் சினிமாப் பைத்தியம் பிடித்திருக்கிறது என்றுதான் நினைத்திருந்தாள். அவளுடைய ஃபோனில்தான் பிரான்சிஸ்கா நிறா நடித்த எல்லாப் படங்களையும் பார்த்தது.

பிரெஞ்சுப் படங்கள். ஒரு சொல்லும் விளங்காது. சத்தத்தைக் குறைத்துவிட்டு நிறாவின் கைகளைப் பார்ப்பாள். கோபம் வந்தால் கீழுதட்டைக் கடிப்பதைப் பார்ப்பாள். முகம் நேராகத் திரும்பும் இடத்தில் விரல் தானாகப் போய்விடும்.

தொட்டவுடன் படம் பாய்ந்து வேறெங்கோ போய் நிற்கும். பிறகு யசிந்தாவைக் கூப்பிட வேண்டும்.

வர வரப் படங்கள் குறைந்தன. செய்திகள் கூடின. பரிசு வாங்க ஏறிய படியில் மஞ்சள் சட்டையோடு தடுமாறி விழுந்தது. இரண்டாவது புருஷன் பேட்டி கொடுத்தது. குடியை நிறுத்த ஆஸ்பத்திரியில் கிடந்தது. அவளுக்கென்று எழுதிய படத்தை வேறொருத்திக்குக் கொடுத்தது. தமிழில் வருவதையெல்லாம் யசிந்தா வாசித்துச் சொல்வாள். பிரான்சிஸ்கா கருவாட்டைப் புரட்டிப் போட்டபடி கேட்டுக்கொண்டிருப்பாள்.

இப்போது நிறாவின் வாழ்க்கையையே படமாக எடுக்கிறார்களாம். இதுவும் சரிவராவிட்டால் இனி அவளை யாரும் கூப்பிடமாட்டார்கள் என்றும் போட்டிருந்ததாம்.

அதனால்தான் விளக்குமாற்றோடு வந்தது. கூட்டுகிறவளிடம் யார் என்ன கேட்கப் போகிறார்கள்? ஒரு தடவை அந்தக் கண்ணாடியைக் கழற்றினால் போதும். பார்த்துவிட்டுப் போய்விடலாம்.

உடைந்த மதிற்பக்கத்தால் கழுதை ஒன்று உள்ளே வந்தது. படப்பிடிப்புக்கென்று வாங்கி வைத்திருந்த மலர்வளையத்தை ஆறுதலாகத் தின்னத் தொடங்கியது. கமராக்காரன் கத்தினான். குடை பிடித்தவன் குடையை விட்டுவிட்டு ஓடினான். கழுதை வாயில் ரோசாப்பூவோடு அவர்களை நிமிர்ந்து பார்த்தது.

பிரான்சிஸ்கா விளக்குமாற்றை ஓங்கி, "அங்கால போ சனியனே!" என்று விரட்டினாள்.

நிறா சிரித்தாள். தலை பின்னால் சாய, தோள் குலுங்கச் சிரித்தாள். எந்தப் படத்திலும் அவள் அப்படிச் சிரித்ததில்லை. கண்ணில் வந்த நீரைத் துடைக்கக் கண்ணாடியைக் கழற்றினாள்.

விரட்டிய குரல் யாருடையது என்று திரும்பிப் பார்த்தாள்.

சிரிப்பு நின்றது. கீழுதட்டைக் கடித்துக்கொண்டாள்.

பார்த்தாயிற்று. இனிப் போகலாம் என்று பிரான்சிஸ்கா நினைத்தாள். ஆனாலும் கூட்டிய இடத்தையே மறுபடி கூட்டினாள்.

கொழும்பிலிருந்து வந்து எல்லா ஒழுங்குகளையும் பார்க்கிற யதுசன் ஒரு மரச்சிலுவையைத் தோளில் சாய்த்தபடி வந்தான். "பெரிய உதவி அம்மா. கொஞ்சம் தள்ளி நில்லுங்கோ. இது மேடத்தின்ட அப்பாட கல்லறை. அம்மாவை இந்தப் பக்கத்திலதான் தாட்டதாம், சிலுவை ஒண்டும் இல்லை. அதுதான் செய்து கொண்டந்தனாங்கள். மேடம் வந்து முழங்காலில இருந்து அழுறதை எடுக்கவேணும்."

புது மரம். பெயின்ற் மணம் இன்னும் போகவில்லை. கறுப்பில் வெள்ளை எழுத்து.

பிரான்சிஸ்கா சிங்கராசா.

கீழே பிறந்த ஆண்டு. அது சரியாக இருந்தது. பிள்ளை மறக்கவில்லை.

அதற்குப் பக்கத்தில் 1990.

அந்த வருடம் சிங்கராசாவைப் புதைத்த மண் காயுமுன்னே, முழங்காலளவு தண்ணீரில் நின்று, ஒன்பது வயதுப் பிள்ளையின் தாடையைப் பிடித்துச் சொல்லிக்கொடுத்தவள் அவள்தான். பிள்ளையை ஏற்றிய வள்ளத்தில் அவளுக்கு இடமிருக்கவில்லை. நிறஞ்சலா, ஆர் கேட்டாலும் அப்பாவும் அம்மாவும் செத்திட்டினம் எண்டு சொல்லு. அப்பத்தான் உன்னைத் திருப்பி அனுப்பமாட்டினம். எங்க, சொல்லு பாப்பம்.

முதலில் அழுகை முந்திக்கொண்டது. திரும்பத் திரும்பச் சொல்லவைத்தாள். கடைசியில் பிள்ளை கண்ணிமைக்காமல் சொன்னது.

அதற்குப் பிறகு எத்தனை நாட்டில், எத்தனை கமராவுக்கு முன்னால் சொன்னாளோ. ஒரு தடவையும் பிசகவில்லை. அது பிசகிவிடக் கூடாதென்று இங்கிருந்து ஒரு கடிதமும் போகவில்லை. அங்கிருந்து ஒன்றும் வரவில்லை.

யதுசன் குழி தோண்ட அலவாங்கை எடுத்தான்.

நிறா கதிரையை விட்டு எழுந்து நின்றாள். கண்ணாடி கையில் இருந்தது. போடவில்லை. அன்று தண்ணீருக்குள் நின்று பார்த்தது போலவே, அடுத்து என்ன சொல்ல வேண்டும் என்று கேட்கிற மாதிரிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கொஞ்சம் தள்ளுங்கோ அம்மா" என்றான் யதுசன் மறுபடியும்.

பிரான்சிஸ்கா விளக்குமாற்றைக் காலடியில் ஊன்றிக்கொண்டாள்.

"இதில இப்ப ஏலாது, தம்பி."