உங்கள் கணினி பாதுகாப்பாக உள்ளது

இன்பவல்லியின் கணினியில், விசைப்பலகைக்கும் திரைக்கும் நடுவே இரண்டு கோப்புகள் குடியிருந்தன. ஒன்று, அவள் தட்டும் ஆங்கில எழுத்துகளை வழியில் பிடித்துத் தமிழ் எழுத்தாக்கித் திரைக்கு அனுப்பும். மற்றது, அதே எழுத்துகளைப் பிரதி எடுத்து, யாரோ ஒருவனுக்குத் திருட்டுத்தனமாக அனுப்பும்.

“நமக்கு ஒரே தொழில்தானே அண்ணே?” என்று திருட்டுக் கோப்பு குழையும்.

“நான் பிடிக்கிறதை அவகிட்டயே குடுத்துடறேன். உன் தொழிலை வெளிய சொல்ல முடியுமா?” என்று தமிழ்க் கோப்பு முகத்தைத் திருப்பிக்கொள்ளும்.

ஒருநாள் வைரஸ் தடுப்பான் மிடுக்காகச் சோதனைக்கு வந்தது.

“இங்க யாருய்யா எழுத்தை மறிக்கிறது?”

“நான்தாங்க. தமிழாக்கிக் குடுக்கத்தான் மறிக்கிறேன்” என்றது தமிழ்க் கோப்பு.

“சான்றிதழ் இருக்கா?”

“இல்லீங்க. ஒருத்தர் ஓய்வு நேரத்துல என்னை எழுதி, எல்லாருக்கும் இலவசமா குடுத்தாருங்க.”

“இலவசமாவா? பார்த்ததுமே நினைச்சேன்.”

திருட்டுக் கோப்போ, ஏதோ பெரிய கம்பெனியிடம் திருடிய சான்றிதழை மட்டும் நீட்டியது. தடுப்பான் விறைத்து நின்று வணக்கம் வைத்தது.

“ஐயா, நீங்க இருங்க.”

பிறகு தமிழ்க் கோப்பைச் சிறையில் தள்ளிவிட்டு, கணினி பாதுகாப்பாக இருப்பதாகத் திரையில் பச்சை நிறத்தில் எழுதியது.

அதைப் படித்து நிம்மதியடைந்த இன்பவல்லி, வங்கிப் பக்கத்தைத் திறந்து கடவுச்சொல்லைத் தட்டினாள். திருட்டுக் கோப்பு நிதானமாகப் பிரதி எடுத்தது. எடுத்து முடிக்கும்வரை ஐயாவுக்கு இடைஞ்சல் வராமல் தடுப்பான் காவல் நின்றது.