நாற்பதாவது பெட்டி

முந்நூறு விறகு கையில் இருந்தது. வைக்கத்தான் இடமில்லை.

நிஷாந்தன் கணினித் திரையில் தெரிந்த மரவீட்டை இன்னொரு முறை சுற்றி வந்தான். சுவரோடு சுவராகப் பெட்டிகள். கல், இரும்பு, தோல், காய்ந்த மீன், விதை என்று ஒவ்வொன்றிலும் பெயர் எழுதி ஒட்டியிருந்தான். எல்லாம் வாய்வரை நிரம்பிவிட்டன.

இந்த விளையாட்டில் ஒரு வீட்டுக்கு நாற்பது பெட்டிதான். பெட்டிக்கு இருபத்துநாலு கட்டம். தரையில் போட்ட பொருள் ஐந்து நிமிடத்தில் மறைந்துவிடும். இன்னும் சற்று நேரத்தில் அங்கே பனிக்காலம் தொடங்கப் போகிறது. அடுப்புக்கு விறகு இல்லாவிட்டால் அந்த வீட்டில் இருக்கிற இரண்டு பேரும் விறைத்துச் சாவார்கள்.

ஒன்று நிஷாந்தன். மற்றது தக்சாயினி.

இடம் பிடிக்கிற விஷயத்தில் அவனை யாரும் அசைக்க முடியாது. ஸ்டுட்கார்ட்டுக்கு வெளியே ஒரு கிடங்கில் பன்னிரண்டு வருடமாகச் சாமான் அடுக்குகிறான். வாரம் முழுக்கச் சம்பளத்துக்கு அடுக்கிவிட்டு, ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வீட்டில் இருந்து சும்மா அடுக்குகிற மனிதன் உலகத்தில் இவன் ஒருவனாகத்தான் இருப்பான்.

சொந்த வீட்டையும் அப்படித்தான் வைத்திருந்தான். அவன் உட்கார்ந்திருந்த கதிரைக்குப் பின்னால் நாலு டயர்கள். கட்டிலுக்குக் கீழே இரண்டு அரிசி மூட்டைகள். சைக்கிள் படுக்கையறையில் நின்றது. யாராவது வந்தால் பக்கவாட்டில் நடந்துதான் சோபாவுக்குப் போக வேண்டும். இப்போது அப்படி யாரும் வருவதுமில்லை.

முப்பத்தொன்பது பெட்டிகள் அவன் கணக்கு. நாற்பதாவது யன்னலோரம் தனியே இருந்தது. அதன்மேல் தக்சாயினி எழுதியிருந்த பெயர்: தொடாதேங்கோ.

பூட்டு ஒன்றும் இல்லை. ஆனாலும் ஆறு மாதமாக அவன் அதைத் திறந்ததில்லை.

விறகுக்கு அந்தப் பெட்டி வேணும் என்று தட்டெழுதி அனுப்பினான்.

திரையின் மூலையில் பதில் வந்தது. "அதை மட்டும் விடுங்கோ."

விளையாட்டில் அவளுடைய ஆள் வெளியே ஆற்றங்கரையில் நின்று மீன் பிடித்துக்கொண்டிருந்தது. முதல் பனி விழத் தொடங்கிவிட்டது. நிஷாந்தன் ஒரு நிமிடம் யோசித்தான். பிறகு பெட்டியைத் திறந்தான்.

இருபத்துநாலு கட்டமும் வெறுமையாக இருந்தது.

கோபம் வரவேண்டிய இடம். வரவில்லை. கொஞ்ச நாளாக அவனுக்கு எதுவுமே வருவதில்லை.

வெறும் கட்டங்களைப் பார்த்தபடி இருந்தான். பிறகு தலையைத் திருப்பி, எதிரே சாத்தியிருந்த சின்ன அறையின் கதவைப் பார்த்தான்.

அவர்களுடைய வீட்டில் ஒரு சாமானும் இல்லாத ஒரே இடம் அதுதான். ஒரு டயரைக்கூட அவன் அங்கே கொண்டுபோய் வைத்ததில்லை. அந்த அறையின் வெறுந்தரையில், சுவரில் சாய்ந்து, மடியில் கணினியோடு அவனுடைய மனைவி தக்சாயினி இருந்தாள். அவள் மவுஸைத் தட்டுகிற சத்தம் கதவுக்கு இப்பால் கேட்டது.

அந்த அறையைப் பிள்ளைக்கென்று ஒதுக்கிய நேரம், மருத்துவிச்சி ஒரு பட்டியல் கொடுத்திருந்தாள். ஏழாம் மாதத்துக்குள் வாங்கி வைக்க வேண்டிய சாமான்கள். யாழ்ப்பாணத்திலிருந்து தக்சாயினியின் அம்மா கமலநாயகி தொலைபேசியில் கண்டிப்பாகச் சொன்னார், பிள்ளை கைக்கு வருமுன் ஒரு துணிகூட வீட்டுக்குள் வரக்கூடாது என்று. இருவரும் அம்மா சொன்னதைக் கேட்டார்கள். ஒருநாள் கடையில் தக்சாயினி ஆசையாக எடுத்த ஒரு சோடிக் காலுறையை, அவளுடைய கையிலிருந்து வாங்கித் திரும்பத் தட்டில் வைத்தவன் நிஷாந்தன்தான். பிறகு வாங்கலாம் என்றான். வைக்கும்போது அதை நேராக அடுக்கியும் விட்டான்.

ஏழாம் மாதத்தில் ஆஸ்பத்திரிக்குப் போய் இரண்டு பேராகவே திரும்பி வந்தார்கள்.

கழற்றி மடக்கத் தொட்டில் இல்லை. யாருக்காவது கொடுக்கத் துணி இல்லை. அலுமாரியில் ஒளித்து வைக்கக்கூட அந்தப் பிள்ளையின் பேரில் ஒன்றும் இருக்கவில்லை. பேசுவதைவிட விளையாடுவது லேசாக இருந்ததால் இருவரும் விளையாடத் தொடங்கினார்கள்.

நிஷாந்தன் நாற்பதாவது பெட்டியை மூடினான்.

தன்னுடைய வாள் பெட்டியைத் திறந்து, ஆறு மாதமாகத் தேடிச் சேர்த்த வாள்களை ஒவ்வொன்றாகத் தரையில் போட்டான். அடியில் ஒரு சோடிக் கம்பளிக் காலுறை கிடந்தது. பனிக்கென்று எப்போதோ செய்து வைத்தது. அதைக் கையில் எடுத்துக்கொண்டு விறகை உள்ளே அடுக்கினான்.

காலுறையோடு மரவீட்டின் நடுவில் கொஞ்ச நேரம் நின்றான். பிறகு நாற்பதாவது பெட்டியை மறுபடி திறந்து, முதல் கட்டத்தில் அதை வைத்தான்.

தரையில் கிடந்த வாள்கள் மறையத் தொடங்கின. அவன் பார்க்கவில்லை.

தக்சாயினியின் ஆள் பனியோடு உள்ளே வந்தது. மீனை அடுப்பில் வைத்தது. நேரே யன்னலோரம் போனது. பெட்டியின் மூடி கிறீச்சிட்டது.

எதிர் அறையில் மவுஸ் சத்தம் நின்றது.

தொடாதே என்றதைத் தொட்டாயிற்று. எழுந்து வந்து கத்தப்போகிறாள் என்று காத்திருந்தான். கத்தினால்கூட நல்லது என்று இருந்தது அவனுக்கு.

நெடுநேரம் கழித்து, உப்பு இருக்கிறதா என்று கேட்கிற குரலில், மூடிய கதவுக்குப் பின்னாலிருந்து கேட்டாள்.

"இதில சின்ன அளவு இல்லையோ?"

நிஷாந்தன் செய்யக்கூடிய பொருள்களின் பட்டியலைத் திறந்து மேலிருந்து கீழே வந்தான். காலுறை ஒரே அளவுதான். பட்டியலை மறுபடி மேலிருந்து பார்க்கத் தொடங்கினான்.