மதியம் அணையாத கம்ப்யூட்டர்

எங்கே ஆரம்பித்தாலும் தப்பாகச் சொல்லிவிடுவோமோ என்று சவுரியம்மாளுக்குக் கவலை. படித்தது அஞ்சாவது. சொல்ல வந்ததோ கம்ப்யூட்டர் சமாச்சாரம்.

"சீக்கிரம் சொல்லும்மா" என்றார் மேனேஜர் ரஃபி அகமது.

"கோள் மூட்டறேன்னு நெனைக்கக் கூடாது சார்..."

"மூட்டத்தானே வந்துருக்கே? மூட்டு!"

ஆம்பூரில் அந்த ஷூ கம்பெனியில் கூட்டித் துடைக்கிற வேலை அவளுக்கு. சாப்பாட்டு மணி அடித்ததும் ஒவ்வொரு ரூமாகப் போய் சுவிட்சை அணைப்பதும் அவள்தான். யாரும் சொல்லிச் செய்வதல்ல. முன்பு அவள் சோல் ஒட்டும் பிரிவில் இருந்தாள். ஒரு மதியம் ஆளில்லாத நேரத்தில் சுவிட்சில் பொறி பறந்து பசை டின் பற்றிக்கொண்டது. அணைக்க ஓடியவளுக்கு இடது கை வெந்துபோனது. அதிலிருந்து எங்காவது ஒரு சுவிட்ச் ஆனில் இருந்தாலும் அவளுக்குச் சோறு இறங்காது.

"ஷூ பெட்டிக்கு ஸ்டிக்கர் அடிக்கிற ஜாஸ்மின் பொண்ணு இருக்குதே... இப்பல்லாம் எங்ககூட சாப்பிட வர்றதில்ல சார். கதவை உள்ளே தாழ் போட்டுக்குது. நேத்து ஜன்னல் சந்துல பார்த்தேன். கம்ப்யூட்டர் ஓடிக்கிட்டிருக்குது! படம் பாக்குதோ, யார்கூடப் பேசுதோ, அது அவ பாடு. தீப்புடிச்சா இன்னா பண்றது?"

மேனேஜர் சிரித்தார். "ஓட விடச் சொன்னதே நான்தான்."

"நீங்களா!"

"போன மாசம் வைரஸ் புகுந்து, ஸ்டிக்கர் அடிக்க முடியாம லாரி கேட்டுலயே நின்னுச்சே? ஏன்னு தெரியுமா? புது வைரஸ் எப்படி இருக்கும்னு தினமும் மதியம் ஒரு லிஸ்ட் இறங்கும். அதை வாங்கி உள்ளே சேர்க்கிறதுக்குன்னே லைப்ரரி ஃபைல்னு சிலது இருக்குது. ஒட்டின சோலை காயறதுக்குள்ள பிடுங்கினா இன்னா ஆகும்?"

"வீணாப் போய்டும் சார்."

"அப்படித்தான். பாதியில கரண்டை நிறுத்தி நிறுத்தி அந்த ஃபைல் கெட்டுப்போச்சு. லிஸ்ட் சேரவே இல்ல. வைரஸ் ஜம்முனு உள்ளே வந்துடுச்சு."

சவுரியம்மாள் மெதுவாகக் கேட்டாள். "கரண்டை... யாரு நிறுத்தினாங்களாம்?"

"அந்தப் பொண்ணேதான். சாப்பிடப் போறப்போ தினமும் ஆஃப் பண்ணேன்னு ஒத்துக்கிச்சு. இன்னொரு தடவை ஆஃப் ஆச்சுன்னா வேலைக்கே வராதேன்னு சொல்லிட்டேன்."

அப்படியே திரும்பிப் போயிருக்கலாம். யாருக்கும் தெரியப் போவதில்லை. கால் நகரவில்லை.

"அது பொய் சொல்லிடுச்சு சார். ஆஃப் பண்ணது நான்."

மேனேஜர் அவள் கையையே பார்த்தார். அப்புறம் ஜாஸ்மினைக் கூப்பிட்டு அனுப்பினார்.

"எதுக்கும்மா பழியை உன் மேல போட்டுக்கிட்டே?"

ஜாஸ்மின் தலையைக் குனிந்துகொண்டாள். "அக்கா வேலை போய்டுமோன்னு பயம் சார்."

"அந்தம்மாகிட்ட, இதை ஆஃப் பண்ணாதீங்கன்னு ஒரு வார்த்தை சொன்னா முடிஞ்சுது. கதவைத் தாழ் போட்டுக்கிட்டு தனியா உக்காருவியா?"

"சொன்னா கேட்டுப்பாங்க சார். ஆனா ஆன்ல இருக்குன்னு தெரிஞ்சா அக்கா சாப்பிடவே மாட்டாங்க. அதான், தெரிய வேணாம்னு..."

சவுரியம்மாள் முந்தானையால் மூக்கைச் சிந்தினாள்.

"அழுறதெல்லாம் வெளியே போய் அழுங்க. கம்ப்யூட்டர் மட்டும் ஆஃப் ஆகக் கூடாது" என்றார் மேனேஜர். குரலில் கோபம் கம்மியாக இருந்தது.

மறுநாள் சாப்பாட்டு மணி அடித்தது. சவுரியம்மாள் மற்ற எல்லா ரூமிலும் சுவிட்சை அணைத்தாள். தீயணைக்க வராந்தாவில் தொங்கவிட்டிருந்த சிவப்பு மணல் வாளியைக் கழற்றி இடுப்பில் வைத்துக்கொண்டு போய், ஜாஸ்மினின் கதவைத் தட்டினாள். வாளியைக் கம்ப்யூட்டர் பக்கத்தில் வைத்தாள். அதை ஒட்டியே தரையில் சம்மணம் போட்டு, டிபன் கேரியரைத் திறந்தாள்.

"கீழ இறங்கி உக்காரு கண்ணு. அது பாட்டுக்கு ஓடட்டும். நாம சாப்பிடலாம்."