யார் எதில் வந்தார்கள்

யார் எதில் வந்தார்கள் என்று தெரியாமல் ஆஸ்பத்திரி ரிக்கார்டு குமாஸ்தா தளவாயால் எண் போட முடியவில்லை.

டாக்டர் ஒரே வரிதான் எழுதியிருந்தார். வலது மணிக்கட்டு முறிவு, சைக்கிளும் ஸ்கேட்டிங்கும் மோதியதில்.

முறிவுக்கு உண்டான எண் உடனே கிடைத்துவிட்டது. எப்படி முறிந்தது என்பதற்கும் ஓர் எண் போட வேண்டும் என்று அந்த வருடம்தான் ரிக்கார்டு அறைக்கு உத்தரவு வந்திருந்தது. சைக்கிளில் போகிறவனுக்கு அடிபட்டால் ஓர் எண். சைக்கிள் மோதி இன்னொருவனுக்கு அடிபட்டால் வேறு எண். காலில் சக்கரம் கட்டிக்கொண்டு உருண்டு வருகிறவனை நடந்து வருகிறவனாகவே எடுத்துக்கொள்ளச் சொன்னது எண் பட்டியல் புத்தகம். தளவாய்க்கு அதைப் படிக்கும்போதெல்லாம் சிரிப்பு வரும்.

காகிதத்தை எடுத்துக்கொண்டு வார்டுக்கே போய்விட்டார்.

இனாயத்துல்லா மாவுக்கட்டுப் போட்ட கையை நெஞ்சின்மேல் வைத்துப் படுத்திருந்தார். தாராவியில் தோல் பை தைக்கும் பட்டறை வைத்திருப்பவர். பக்கத்து ஸ்டூலில் அவர் மனைவி சைனப். அவள் மேல் ஒரு சிராய்ப்புகூட இல்லை.

"நாந்தான் அண்ணாச்சி சைக்கிள்ல வந்தேன்" என்றார் இனாயத்துல்லா. "எவனோ ஒரு பய கால்ல சக்கரத்தக் கட்டிக்கிட்டு வந்து மோதிட்டு ஓடிட்டான்."

தன் ஊர்ப் பேச்சைக் கேட்டதும் தளவாய்க்கு மனசு இளகியது. சரி, சைக்கிள்காரர் எண்தான் என்று பேனாவைத் திறந்தார்.

வாசலில் நின்ற போலீஸ் ஹவால்தார் உள்ளே வந்தார். மாட்டுங்கா ஃபைவ் கார்டன் பக்கம் தினமும் ஸ்கேட்டிங் விடும் ஒரு பையனைத் தனக்குத் தெரியும் என்றும், மத்தியானத்துக்குள் அவனைப் பிடித்து வந்துவிடுவதாகவும் இந்தியில் சொன்னார்.

சைனப் எழுந்துவிட்டாள்.

"பச்சப் புள்ளையப் பிடிக்க வேண்டாம்னு சொல்லுங்க அண்ணாச்சி. சைக்கிள்ல வந்தது நானு. சக்கரம் கட்டியிருந்தது இவுக."

இனாயத்துல்லா கண்ணை மூடிக்கொண்டார்.

தளவாய் போர்வையின் நுனியைத் தூக்கிப் பார்த்தார். நாற்பது வயதைத் தாண்டிய இரண்டு பாதங்களிலும் வார் இறுக்கிய தடம் சிவந்து கிடந்தது.

அதன்பிறகு சைனப் மறைக்கவில்லை. முனிசிபல் பிரசவ ஆஸ்பத்திரியில் அவளுக்கு மருத்துவச்சி வேலை கிடைத்திருந்தது. திங்கட்கிழமை சேர வேண்டும். வீடு வீடாகப் போக சைக்கிள் ஓட்டத் தெரிந்திருக்க வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். கேரியரைப் பிடித்துக்கொண்டு யாராவது பின்னால் ஓடிவந்தால்தானே பழக முடியும்? இவரால் ஓட முடியாது. போன வருடம் நெஞ்சைத் திறந்து ஒரு பக்க நுரையீரலை எடுத்துவிட்டார்கள். நாலு எட்டு வேகமாக வைத்தால் மூச்சு நின்றுவிடும். இன்னொரு ஆளை விட்டுக் கேரியரைப் பிடிக்கச் சொல்லவும் அவருக்கு மனசு ஒப்பவில்லை. பழைய சாமான் விற்கும் சோர் பஜாரில் தேடிப்பிடித்து ஒரு ஜோடி சக்கரம் வாங்கி வந்துவிட்டார். விடியற்காலையில், ஆள் பார்க்காத நேரத்தில், அவள் மிதிப்பாள். அவர் கேரியரைப் பிடித்தபடி பின்னால் உருண்டு வருவார்.

இன்று ஒரு நாய் குறுக்கே வந்தது. அவள் பிரேக்கைப் பிடித்தாள்.

"இவுகளுக்கு நிப்பாட்டத் தெரியாது" என்றாள்.

கேஸ் கீஸ் என்று அவள் பெயர் போலீசில் ஏறினால் வேலை போய்விடுமே என்றுதான் மனுஷன் பொய் சொன்னாராம்.

தளவாய் யோசித்தார். பெண்டாட்டியின் சைக்கிளைப் பிடித்துக்கொண்டு உருண்டு வந்த புருஷனுக்குப் புத்தகத்தில் இடம் இல்லை. ஆனால் கேரியரில் கை இருந்தவரைக்கும் இரண்டு பேரும் ஒரே வண்டிதானே. ஒரே வண்டி தன்னோடு தானே எப்படி மோதும்? பிடி நழுவிக் கீழே விழுந்தார், அவ்வளவுதான். கீழே விழுந்தவருக்கு ஓர் எண் இருந்தது. அதற்குப் போலீஸ் தேவையில்லை.

ஹவால்தாரிடம் அதையே தன் அரைகுறை இந்தியில் விளக்கினார். அவர் இனாயத்துல்லாவின் பாதங்களைப் பார்த்தார், சைனப்பைப் பார்த்தார், மீசைக்குள் சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

தளவாய் கட்டிலின் கால்மாட்டில் காகிதத்தை வைத்து எழுத ஆரம்பித்தார்.

சைனப் முந்தானையால் புருஷனின் நெற்றியைத் துடைத்தாள். "நான் வேலைக்குப் போவல மச்சான்" என்றாள் மெதுவாக. "நீங்க பிடிக்காம எனக்கு ஓட்ட வராது. கை சரியாவட்டும், பொறவு பாப்போம்."

இனாயத்துல்லா கண்ணைத் திறந்தார்.

"இன்னைக்கு நான் எங்க பிடிச்சேன் புள்ள? மொத வளைவுலயே கைய விட்டுட்டேன். நீ பாட்டுக்குப் போயிட்டே இருந்த. ஒன்ன எட்டிப் பிடிக்கத்தான் பின்னாலயே உருண்டு வந்தேன்."

தளவாயின் பேனா நின்றது. அப்படியானால் இரண்டு வண்டி. அப்படியானால் மோதல். எண்ணை மாற்ற வேண்டும்.

அவர் பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகிக் காகிதத்தை எடுத்துக்கொண்டார். காது கேளாதவர் மாதிரி வாசலைப் பார்த்து நடந்தார்.

"விழாமலா போனேன்?" என்று சைனப் கேட்பது பின்னால் கேட்டது.

"நீ எங்க விழுந்த? நாந்தான விழுந்தேன்."