ஐந்தாவது வழக்கு

வேதாசலத்தைக் குண்டர் சட்டத்தில் அடைத்த ஆணை ஜனவரியில் கையெழுத்தானது. அதில் ஐந்து வழக்குகள் இருந்தன. ஐந்தாவது, அதே ஆண்டு ஆகஸ்ட் பதினான்காம் தேதி மாகறல் ஆற்றங்கரையில் மைத்துனன் ஞானவேலை வெட்டிக் கொன்ற வழக்கு.

ஞானவேல் அப்போது வக்கீல் அறையில் அக்கா கல்பனாவின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தான்.

"டைப்பிங் தப்பும்மா. இது ஒண்ணே போதும், ஆர்டர் நிக்காது" என்றார் வக்கீல்.

கணவனுக்காகக் கல்பனா ஆட்கொணர்வு மனு போட்டாள். ஜூலையில் உயர் நீதிமன்றம் ஆணையை ரத்து செய்தது. வேதாசலம் உத்திரமேரூருக்குத் திரும்பி வந்தான்.

ஆகஸ்ட் பதினான்காம் தேதி காலையில், தூங்கிக்கொண்டிருந்தவனை அறைக்குள் வைத்துப் பூட்டிவிட்டுக் கல்பனா கதவில் சாய்ந்து உட்கார்ந்தாள். அந்த அறைக்கு வேறு வழி கிடையாது. ஜன்னலில் இரும்புக் கம்பிகள் இருந்தன.

"இன்னாமே பேஜார் பண்ற? தொற!"

"இன்னிக்கி ஒரு நாளு உள்ளயே கெட."

அவன் கதவை உதைத்தான். பிறகு சத்தம் அடங்கியது.

இரண்டு மணிக்கு மாகறலிலிருந்து சித்தப்பா போன் செய்தார்.

"ஞானவேல வெட்டிட்டாங்கம்மா. தல தனியா கெடக்குது."

கல்பனா பூட்டைத் திறந்தாள். வேதாசலம் பாயில் உட்கார்ந்திருந்தான். அவன் முழங்கை வரை ரத்தம் இன்னும் காயவில்லை.

"எம்மா நேரமா கூப்ட்டுக்கினு கீறேன்" என்றான். "கை கழுவணும், தண்ணி குடு."