தும்புக் கரடி

டீவித் திரையில் கரடி வந்ததும் பாயில் இருந்த பிள்ளைகள் கைதட்டினார்கள். ஜெமீல் மட்டும் தலையைக் குனிந்து தன் கால் பெருவிரலைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அந்தக் கரடி அவன்தான்.

கொழும்பில், டீவியின் சிறுவர் நிகழ்ச்சியில், தென்னந்தும்பு ஒட்டித் தைத்த கரடித் தோலுக்குள் புகுந்துகொண்டு மரத்தைச் சுற்றி ஆடுவதும், வாய் ஓட்டைக்குள்ளால் மவுத் ஓர்கன் வாசிப்பதும் அவனுடைய உத்தியோகம். ஏழு சனிக்கிழமையாக நாட்டுப் பிள்ளைகள் எல்லோரும் அவனைப் பார்த்துவிட்டார்கள். ஒருவருக்கும் அவன் முகம் தெரியாது.

தெரியாமல் இருந்ததும் நல்லதாய்ப் போயிற்று. சொந்த ஊரான சாய்ந்தமருதில் எல்லோருக்கும் அவன் அரசாங்க இலாகாவில் கிளாக்கர். வீட்டுக்கு அப்படித்தான் கடிதம் எழுதியிருந்தான். டீவியும் அரசாங்கத்தின் சொத்துத்தானே, முழுப் பொய் இல்லையே என்று மனதைத் தேற்றிக்கொண்டான்.

அந்தக் கிளாக்கர் உத்தியோகத்தைக் கேள்விப்பட்டுத்தான் மீராசா போடியார் தன் மகள் கமீலாவின் கலியாணப் பேச்சுக்கு இறங்கி வந்திருந்தார். நாவிதன்வெளிப் பக்கம் முப்பது ஏக்கர் வயலும், தெருவிலேயே முதல் டீவியும், அதற்கு முப்பதடிக் குழாயில் அன்ரனாவும் உள்ள மனிதர்.

அவருக்கு இரண்டு வகை ஆட்களைக் கண்ணில் காட்டக் கூடாது. ஒன்று, கூத்தாடிகள். மற்றது, கொழும்புக்குப் போய் மார்க்கத்தைத் தொலைத்துவிட்டு வருகிற இளந்தாரிகள். கூத்தாடிக்கு மகளைக் கொடுப்பதைவிட வயலைத் தரிசு போட்டுவிடலாம் என்று கல்முனைச் சந்தையில் நாலு பேர் கேட்கச் சொல்லியிருக்கிறார். ஜெமீல் இரண்டாவது வகையா என்று நேரில் பார்த்து முடிவு செய்யத்தான் இன்று அசர் தொழுகைக்குப் பிறகு அவனைத் தேத்தண்ணிக்குக் கூப்பிட்டிருந்தார்.

கமீலா மீது ஜெமீலுக்குப் பள்ளிக்கூடக் காலம் தொட்டே உயிர். இந்தச் சம்பந்தம் குழம்பினால் தான் இருந்தும் பயனில்லை என்று மெய்யாகவே நம்பினான். அவள் பெண்களோடு கதவுச் சீலைக்குப் பின்னால் நின்றாள். சீலைக்கு அடியில் எட்டுப் பாதங்கள் தெரிந்தன. அவற்றில் எந்த இரண்டு அவளுடையவை என்று தெரியாமல் தவித்தான்.

தேத்தண்ணி வந்த நேரம் பார்த்துக் கரடியும் வந்து தொலைத்தது. தெருப் பிள்ளைகளுக்காகத்தான் டீவி போடுவதாகப் போடியார் சொன்னார். ஆனால் எல்லாப் பிள்ளைகளுக்கும் முன்னால் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு அவர்தான் இருந்தார்.

கரடி ஆடியது. மவுத் ஓர்கன் வாசித்தது. போடியார் தொடையில் தாளம் போட்டார்.

திடீரென்று கரடி வாசிப்பதை நிறுத்தித் தலையைப் பின்னால் சாய்த்தது.

ஜெமீல் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தான். பதிவில் இந்த இடத்தை வெட்டிவிட்டதாக அல்லவா சொன்னார்கள்.

தும்புத் தூசி சும்மா விடுமா? கரடி வீடு அதிர ஒரு தும்மல் தும்மியது. தும்மி முடித்து, தெளிவான குரலில், "அல்ஹம்துலில்லாஹ்" என்றது.

தும்மியவன் இறைவனைப் புகழ்ந்தால் கேட்டவர்கள் அவனுக்கு அருள் வேண்ட வேண்டும். அதற்குத் தும்மியவன் மறுபடி அவர்களுக்காக ஒரு துஆ சொல்ல வேண்டும். இந்த ஊரில் பல் முளைக்கும்போதே இதுவும் நாக்கில் ஏறிவிடும். யாரும் யோசித்துச் சொல்வதில்லை.

பாயில் இருந்த பிள்ளைகளும், கதிரையில் இருந்த போடியாரும், சீலைக்குப் பின்னால் நின்ற பெண்களும் டீவியைப் பார்த்து ஒரே குரலில் "யர்ஹமுகல்லாஹ்" என்றார்கள்.

பின்னால் இருந்த ஜெமீல், தன்னை அறியாமல், "யஹ்தீகுமுல்லாஹ்" என்றான்.

அவன் தும்மவில்லை. தும்மியது கரடி.

போடியார் கதிரையோடு திரும்பினார். அவனைப் பார்த்தார், கரடியைப் பார்த்தார், மறுபடியும் அவனைப் பார்த்தார். சீலைக்குப் பின்னால் ஒரு சிரிப்பு வெடித்து, யாரோ வாயைப் பொத்தியதில் பாதியில் நின்றது.

ஜெமீல் எழுந்தான். செருப்பு எந்தப் பக்கம் கிடக்கிறது என்று முதலில் பார்த்துக்கொண்டான். பிறகு, தான் கிளாக்கர் இல்லை, கரடிதான் என்று தட்டுத்தடுமாறிச் சொல்லி முடித்தான்.

போடியார் தாடியைத் தடவினார்.

"தோலுக்குள்ள இருக்கக்குள்ள ஆரு பாக்கப்போறா? அங்கயும் புள்ள அல்லாஹ்வ மறக்கல்ல. கரடியெண்டாலும் ஈமான் உள்ள கரடி," என்றார்.

அதற்குப் பிறகு நாள் குறிக்கிற பேச்சுத்தான். இனிப்புக்கு வட்டிலப்பம் வந்தது. பிள்ளைகள் கரடியின் மடியில் ஏறிக்கொண்டார்கள். சீலைக்கு அடியில் ஒரு சோடிப் பாதங்கள் மட்டும் விலகாமல் நின்றன. அவை யாருடையவை என்று இப்போது ஜெமீலுக்குச் சந்தேகமே இல்லை. அவ்வளவு சந்தோஷத்தை அவன் அதற்கு முன்னர் அறிந்ததில்லை.

போடியார் வாசல்வரை கூட வந்தார். அடுத்த சனிக்கிழமை பள்ளிவாசல் ஆட்களையும் கூப்பிட்டு, டீவிக்கு முன்னால் இன்னும் பத்துக் கதிரை போடப்போவதாகச் சொன்னார்.

"வாற சனியும் ஊதுவீங்கதானே, மருமகன்?"

"இன்ஷா அல்லாஹ், மாமா," என்றான் ஜெமீல்.

தும்மலைப் பதிவு செய்த அன்றைக்கே, கரடிக்கு மதம் இருக்கக் கூடாது என்று நிகழ்ச்சி நடத்துபவர் கத்தியிருந்தார். அந்தத் தும்மலையும் தும்மியவனையும் அப்போதே நிகழ்ச்சியிலிருந்து நீக்கிவிட்டதாகச் சொல்லித்தான் அவனை ஊருக்கு அனுப்பியிருந்தார்.

மனிதர் இரண்டில் ஒன்றை மறந்துபோனார்.